அப்பா அம்மாவின் முதுமைக்குக் கணக்குப் போடுவது எப்படி

என் தாத்தாவுக்கு ஏழு பிள்ளைகள். கடைசி நாலு வருஷம் படுத்த படுக்கையாக இருந்தார். ஆளுக்குக் கொஞ்சம் போட்டார்கள், முறை வைத்துப் பார்த்துக்கொண்டார்கள், யார் கையையும் பெரிதாகக் கடிக்கவில்லை. என் அப்பா அம்மாவுக்கு நானும் தங்கையும் மட்டும்தான். உங்கள் வீட்டிலும் அநேகமாக இதே கதைதான். தமிழ்நாட்டில் ஒரு பெண்ணுக்குச் சராசரியாக 1.8 குழந்தைகள் என்றது 2019-21 தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பு. மக்கள்தொகை குறையாமல் நிற்கவே 2.1 வேண்டும். 60 வயதைத் தாண்டியவர்கள் 2021-ல் நூற்றுக்கு 13.6 பேர், 2031-ல் 18 பேருக்கு மேல் என்பது மத்திய அரசு அமைத்த நிபுணர் குழுவின் மதிப்பீடு. இதெல்லாம் கடைசியில் வந்து இறங்குவது நம் வீட்டு மருந்துக்கடை பில்லில்தான், அதனால் அங்கிருந்தே ஆரம்பிப்போம்.

ஒரு கோடு போட்ட நோட்டு வாங்குங்கள். மொபைலில் எக்செல் வேண்டாம், அப்பாவும் திறந்து பார்க்க வேண்டும். முதல் பக்கத்தில் மாதாமாதம் நிச்சயமாக வரும் பணத்தை மட்டும் எழுதுங்கள். "பையன் அனுப்புவான்" என்பது அதில் வராது. எழுதி முடித்ததும் பல வீடுகளில் பக்கம் காலியாகத்தான் இருக்கும். அரசு வேலை பார்த்தவர்களை விட்டுவிட்டால், கம்பெனியில் வேலை பார்த்தவர்களுக்கு வரும் பி.எஃப். பென்ஷனின் குறைந்தபட்சத் தொகை 2014-லிருந்து 1,000 ரூபாயிலேயே நிற்கிறது. மாநில அரசின் முதியோர் உதவித்தொகை 2023-ல் 1,200 ஆனது. கடை வைத்திருந்தவர், டெய்லர், டிரைவர், விவசாயி இவர்களுக்கெல்லாம் அதுவும் கிடைத்தால்தான் உண்டு.

அடுத்த பக்கத்தில் செலவு. வாயால் கேட்டால் சரியான பதில் வராது. "எங்களுக்கென்னப்பா செலவு, ரெண்டு இட்லி" என்பார்கள். மாத்திரை டப்பாவைத் திறந்து பாருங்கள். எங்கள் அப்பாவின் டப்பாவில் பிரஷர் மாத்திரை அட்டை கத்தரியால் பாதியாக வெட்டப்பட்டுக் கிடந்தது. டாக்டர் ஒரு மாதத்துக்கு எழுதிக் கொடுத்ததை இவர் ஐந்து ஐந்தாக வாங்கிக்கொண்டிருந்தார், தீர்ந்த பிறகு இரண்டு நாள் சும்மா இருந்துவிட்டு. ஆக, அவர் சொன்ன செலவுக்கும் உண்மையில் ஆக வேண்டிய செலவுக்கும் மாதம் ஆயிரத்துச் சொச்சம் வித்தியாசம். பல், கண்ணாடி, காது மெஷின், ஆட்டோ, கல்யாண மொய் எல்லாவற்றையும் சேருங்கள். மொய்யை விட்டுவிட்டால் கணக்கே தப்பு.

இப்போது மாதம் 20,000 ஆகிறது என்றால் அதோடு நிறுத்தாதீர்கள். விலைவாசி வருஷத்துக்கு 6 சதவீதம் ஏறினால் 12 வருஷத்தில் செலவு இரண்டு மடங்கு. 68 வயதில் 20,000 என்பது 80 வயதில் 40,000, அதுவும் வீட்டோடு ஆள் வைக்காமல். பொதுவாக மனைவி வயதில் இளையவர், பெண்கள் சராசரியாகக் கூடுதல் காலம் வாழ்பவர்களும் கூட; எனவே அம்மா தனியாக இருக்கப்போகும் வருஷங்களுக்கும் சேர்த்துப் போட வேண்டும். பேச வாய் கூசும், ஆனாலும் போடுங்கள்.

சரி, கையிருப்பை மாத வருமானமாக மாற்றுவது எப்படி? என் கட்சி இதுதான்: பெற்றோர் பணம் பெற்றோர் பெயரிலேயே இருக்கட்டும், உங்கள் பெயருக்கு மாற்றி "நான் மாதம் தருகிறேன்" என்பது வேண்டவே வேண்டாம். போஸ்ட் ஆபீசிலும் வங்கிகளிலும் இருக்கும் மூத்த குடிமக்கள் சேமிப்புத் திட்டத்தில் 60 வயதானவர் 30 லட்சம் வரை போடலாம். 2023 ஏப்ரலில் 8.2 சதவீதம் ஆக்கினார்கள். அந்த வட்டியில் 10 லட்சம் போட்டால் மூன்று மாதத்துக்கு ஒருமுறை 20,500 வரும். போடும் அன்று உள்ள வட்டி ஐந்து வருஷத்துக்கும் மாறாது, ஆனால் அரசு மூன்று மாதத்துக்கு ஒருமுறை புது வட்டி அறிவிப்பதால் போகும் அன்று கேட்டுக்கொள்ளுங்கள். மாதாமாதம் வேண்டும் என்றால் போஸ்ட் ஆபீஸ் மாத வருமானத் திட்டம், தனியாக 9 லட்சம், கூட்டாக 15 லட்சம் வரை. எல்லாவற்றையும் பூட்டி வைக்காமல் ஆறு மாதச் செலவைச் சாதாரணக் கணக்கில் விடுங்கள். ராத்திரி ரெண்டு மணிக்கு ஆஸ்பத்திரியில் அட்வான்ஸ் கேட்பார்கள்.

அந்தக் கணக்கு இரண்டு பேர் பெயரிலும் இருக்கிறதா, நாமினி போட்டிருக்கிறதா என்று பாஸ்புக்கைப் பிரித்துப் பாருங்கள். பெரியப்பா இறந்தபோது எல்லாமே அவர் ஒருவர் பெயரில், நாமினி இல்லை. பெரியம்மா வாரிசுச் சான்றிதழுக்கு நாலு மாதம் அலைந்தார், பால்காரருக்குக்கூடக் கடன்.

இனி வீடு. "சும்மா எழுதி வெச்சிருங்க, பின்னாடி சண்டை வராது" என்று சொந்தக்காரர் யாராவது வருவார். தான செட்டில்மென்ட், அதாவது உயிரோடு இருக்கும்போதே எழுதிக் கொடுத்துவிடும் பத்திரம், பதிவு செய்த அன்றே வீடு கைமாறிவிடும், பிறகு மனம் மாறினாலும் சுலபத்தில் ரத்து செய்ய முடியாது. உயில் என்றால் உயிரோடு இருக்கும் வரை எப்போது வேண்டுமானாலும் மாற்றலாம். கட்டாயம் எழுதித்தான் ஆக வேண்டும் என்றால், கடைசிவரை பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையையும், தாங்கள் வாழும் வரை அங்கேயே குடியிருக்கும் உரிமையையும் பத்திரத்திலேயே எழுதச் சொல்லுங்கள். 2007-ம் ஆண்டு பெற்றோர் பராமரிப்புச் சட்டத்தின் 23-ம் பிரிவு, அந்த நிபந்தனையை மீறினால் பத்திரத்தைச் செல்லாததாக்கக் கேட்க வழி தருகிறது. மனு கொடுக்க வேண்டியது கோட்டாட்சியரிடம். வாய்வார்த்தையை நம்பி எழுதிக் கொடுத்தவர்கள்தான் அங்கே அதிகம் சிரமப்படுகிறார்கள்.

மருத்துவக் காப்பீடு பற்றிச் சுருக்கமாக: குடும்ப ஆண்டு வருமானம் 1,20,000-க்குள் இருந்தால் முதலமைச்சர் காப்பீட்டு அட்டை முதலில். தனியார் பாலிசி என்றால், 65 வயதுக்கு மேல் புதிதாகக் கொடுக்கக் கம்பெனிகளுக்குக் கட்டாயமில்லை என்ற பழைய வரம்பு 2024 ஏப்ரலில் போய்விட்டது. பிரீமியம் மட்டும் கண்ணைக் கட்டும். ஏற்கெனவே இருக்கும் நோய்க்கு அதிகபட்சம் மூன்று வருஷம் காத்திருக்க வேண்டும். சர்க்கரையை மறைக்காதீர்கள், கிளெய்ம் நேரத்தில் அதைத்தான் பிடிப்பார்கள்.

அப்புறம் கடைசிப் பக்கம், கூடப்பிறந்தவர்களோடு உட்கார்ந்து எழுத வேண்டியது. இரண்டு பேர் என்றால் பாதிப் பாதி என்று எல்லாரும் உடனே சொல்வார்கள். வெளியூரில் இருந்து பணம் அனுப்புகிறவரும், வீட்டில் இருந்து குளிப்பாட்டி விடுகிறவரும் எப்படிப் பாதிப் பாதி? உங்கள் பகுதியில் ஒரு ஆளுக்கு என்ன சம்பளம் கேட்கிறார்கள் என்று விசாரித்து, அதைப் பார்த்துக்கொள்பவர் பங்காகக் கழித்துவிடுங்கள். என் தங்கை வேலையை விட்டுவிட்டுத்தான் அப்பா அம்மாவோடு இருக்கிறாள். அவள் பெயருக்கு நேராக மாதம் 12,000 என்று எழுதினேன். "இதெல்லாம் எழுதுவியாண்ணா" என்று கோபித்துக்கொண்டாள். ஒரு வாரம் கழித்து நோட்டைத் திறந்தால் அதை அவளே 15,000 என்று திருத்தியிருந்தாள்.