விருந்துக்கு அன்னாசிப்பழ இனிப்பு: கருப்பட்டி கடைசியில்தான்

தீபாவளிக்குக் காரைக்குடிப் பக்கம் கந்தரப்பம், சீயம் என்று எல்லாமே எண்ணெய்ச் சட்டியில்தான். நடுவில் பழ இனிப்பு ஒன்று இருந்தால் வாய்க்கு ஆறுதல்.

நன்கு பழுத்த அன்னாசி ஒன்றைப் பொடியாக நறுக்கி, அடி கனத்த எவர்சில்வர் பாத்திரத்தில் சிறு தீயில் வையுங்கள். ஈயம் பூசாத பித்தளை வேண்டாம், புளிப்புக்கு ஆகாது. தண்ணீரும் வேண்டாம், பழமே சாறு விடும். விரல் நீளப் பட்டை, 3 கிராம்பு, ஓர் அன்னாசிப்பூ மூன்றையும் துணியில் முடிந்து உள்ளே போடுங்கள். அரை மணி நேரத்தில் எடுத்துவிடுங்கள். அன்னாசிப்பூவைக் கடைசிவரை விட்டால் மருந்து வாடைதான் வரும்.

பலர் அவசரப்படுவது கருப்பட்டியில்தான். முதலிலேயே போட்டால் பழம் சீக்கிரம் வேகாது, துண்டுகள் விறைத்துக்கொண்டு நிற்கும். கரண்டியால் அழுத்தினால் மசிய வேண்டும், அப்புறம்தான் கருப்பட்டி. 150 கிராம் போதும். கரைத்து வடிகட்டி ஊற்றுங்கள், மண் இருக்கும். சுருண்டு பளபளவென்று வரும்போது ஒரு சிட்டிகை உப்பு, ஏலக்காய்ப்பொடி, கொஞ்சம் நெய்.

செழுமைக்காகப் பால் ஊற்ற நினைத்தால், அதைக் கைவிட்டுவிடுங்கள், திரிந்துவிடும். வறுத்த முந்திரி போதும்.