மே மாதத் தேர்தலை ஏப்ரலில் தோற்பவர்கள்: இங்கிலாந்துக் கிராமத்து வார்டில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

இங்கிலாந்தின் கிராமப்புறத்தில் டிஸ்ட்ரிக்ட் கவுன்சில் (கீழடுக்கு உள்ளாட்சி மன்றம்) தேர்தல் வருகிற ஆண்டுகளில், மார்ச் பிறந்தாலே எனக்குப் புதியவர்களிடமிருந்து போன் வரத் தொடங்கிவிடும். நான் வேட்பாளர்களுக்குத் தேர்தல் ஏஜென்டாக வேலை பார்ப்பவன். பெரும்பாலும் ஓய்வு பெற்றவர்கள், விவசாயக் குடும்பத்தார், ஊர் மண்டபக் கமிட்டியில் இருப்பவர்கள் அழைப்பார்கள். இப்போது "அண்ணா, நாங்களும் இங்கே நிற்கலாமா?" என்று நம் ஆட்களும் கேட்கிறார்கள். மருத்துவமனைகளிலும் முதியோர் இல்லங்களிலும் வேலை பார்ப்பதற்காகச் சின்ன ஊர்களில் குடியேறியவர்கள். இந்திய, இலங்கைக் குடிமக்கள் காமன்வெல்த் குடிமக்கள் என்பதால், முறையான விசா இருந்தாலே இங்கே வாக்காளர் பட்டியலில் பெயர் சேர்க்கலாம். நிற்பதற்கு மட்டும் நிரந்தரக் குடியிருப்பு அனுமதி வேண்டும். இது தெரியாமலேயே பல வருடம் வாக்களிக்காமல் இருந்தவர்களைப் பார்க்கும்போது வருத்தமாக இருக்கிறது.

மங்கலான புகைப்படம், எழுத்துப்பிழை, இரவு ஒன்பது மணிக்குக் கதவைத் தட்டுவது போன்றவற்றை இங்கே எழுதப்போவதில்லை. அதெல்லாம் ஒரு முறை பட்டால் தானாகத் திருந்திவிடும். திருந்தாத தவறுகள் வேறு.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். டிஸ்ட்ரிக்ட், அதற்கு மேலே கவுண்டி என்ற இரண்டு அடுக்கை ஒழித்து ஒரே கவுன்சிலாக்குவோம் என்று 2024 டிசம்பரில் அரசு வெள்ளை அறிக்கை வெளியிட்டது. நார்த் யார்க்‌ஷயரில் 7 டிஸ்ட்ரிக்டுகள் 2023 ஏப்ரல் 1 அன்றே ஒரே கவுன்சிலுக்குள் போய்விட்டன. ஆனால் புதிய கவுன்சிலுக்கும் வார்டு வாரியாகத்தான் தேர்தல், விதிகளும் இவையே. அதனால் சாலையைப் பற்றிய பகுதியைத் தவிர கீழே வருவது எதுவும் பழசாகிவிடாது.

சாலைக் குழியை மூடுவேன் என்று எழுதுவது

இரண்டு அடுக்கு உள்ள இடங்களில் சாலை கவுண்டி கவுன்சிலின் பொறுப்பு. குப்பை, கட்டட அனுமதி, வீட்டு வசதி ஆகியவைதான் டிஸ்ட்ரிக்டின் கையில் இருக்கின்றன. அவற்றைப் பற்றி எழுதுங்கள்.

கையெழுத்தை அண்டை வீட்டில் வாங்குவது

வேட்புமனுவில் முன்பு பத்துப் பேர் கையெழுத்துப் போட வேண்டியிருந்தது. இப்போது முன்மொழிபவர், வழிமொழிபவர் இருவர் போதும். எளிதாகிவிட்டது என்பதாலேயே கவனம் குறைந்துவிட்டது. அந்த இருவரும் அதே வார்டின் பட்டியலில் இருக்க வேண்டும். கிராமத்தில் இது அவ்வளவு எளிதல்ல. வார்டு எல்லை ஒரு ஓடையோடு போகும், ஒரு சந்தின் நடுவில் போகும். தபால் முகவரியில் இருவருக்கும் ஒரே ஊர்ப் பெயர்தான் இருக்கும். பக்கத்து வீட்டுக்காரர் என்று நம்பிக் கையெழுத்து வாங்கினால், அவர் அடுத்த வார்டின் வாக்காளராக இருப்பார். பட்டியலில் எண்ணைப் பார்த்த பிறகுதான் பேனாவைக் கொடுக்க வேண்டும்.

மனுவைத் தபாலிலோ மின்னஞ்சலிலோ அனுப்ப முடியாது, கையில் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். வாக்குப்பதிவுக்கு 19 வேலை நாட்களுக்கு முன், மாலை 4 மணிக்குக் கதவு மூடிவிடும். அதற்கு முன்பே கவுன்சிலின் தேர்தல் பிரிவை அழைத்து நேரம் வாங்கினால், மனுவைச் சரிபார்த்துச் சொல்வார்கள். அந்த உதவிக்குக் கட்டணம் கிடையாது. கடைசி நாள் மதியம் போகிறவருக்குத் தப்பைத் திருத்த நேரம் இருக்காது.

நல்ல துண்டறிக்கையைக் கடைசி வாரத்துக்கு ஒளித்து வைப்பது

நான் இந்தக் கட்டுரையை எழுதக் காரணமே இதுதான். எத்தனை பேரிடம் சொன்னாலும் அடுத்த தேர்தலில் வேறு ஒருவர் இதையே செய்கிறார். நல்ல மனிதர்கள் ஊருக்கு உண்மையாக உழைத்துவிட்டு இந்த ஒன்றில் தோற்பதைப் பார்த்தால் இன்றைக்கும் எனக்கு எரிச்சல் வருகிறது.

தேர்தல் மே மாதத்தின் முதல் வியாழக்கிழமை நடக்கும். புதியவர் மனதில் அந்த வியாழக்கிழமை மட்டும்தான் இருக்கிறது. நாடாளுமன்றத் தேர்தலைத் தொலைக்காட்சியில் பார்த்த பழக்கம் அது. பிரசாரம் நாளுக்கு நாள் சூடேறி, கடைசி இரண்டு மூன்று நாளில் உச்சத்துக்குப் போக வேண்டும் என்று நினைக்கிறார்கள். ஆனால் கிராமத்து வார்டில் வாக்குப்பதிவு அந்த வியாழக்கிழமைக்குச் சுமார் இரண்டு வாரம் முன்பே தொடங்கிவிடுகிறது. தபால் வாக்குச் சீட்டு வீட்டு அஞ்சல் பெட்டிக்குள் விழுகிற நாள்தான் உண்மையில் முதல் வாக்குப்பதிவு நாள்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். வார்டில் 2,000 வாக்காளர்கள், அவர்களில் 400 பேர் தபால் வாக்காளர்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். உள்ளாட்சித் தேர்தலில் மொத்தத்தில் மூன்றில் ஒருவர் வாக்களித்தாலே பெரிது. தபால் வாக்காளர்களிடையே அது ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு. ஆக அந்த 400 பேரில் சுமார் 260 பேர் வாக்களிப்பார்கள். மீதி 1,600 பேரில் 28 சதவீதம் வந்தால் 448. பதிவாகும் ஒவ்வொரு நூறு வாக்கிலும் 36, 37 வாக்குகள் தபாலில் வந்தவை. அவற்றில் பெரும்பகுதி, உங்கள் நல்ல துண்டறிக்கை கைக்கு வருவதற்குள் உறையில் ஒட்டப்பட்டுப் போய்விடும்.

சில வருடங்களுக்கு முன் ஓய்வு பெற்ற ஆசிரியை ஒருவர் முதன்முறையாக நின்றார். மூன்று கிராமங்கள் சேர்ந்த வார்டு. அவர் எழுதியதைப் போல ஒரு துண்டறிக்கையை நான் அதிகம் பார்த்ததில்லை. ஊர் விளிம்பில் வரவிருந்த வீடுகள், அதற்கு ஈடுகொடுக்க முடியாத மருத்துவர் கிளினிக், மழைக்காலத்தில் நிறைந்து வழியும் கழிவுநீர்க் குழாய் என்று ஒவ்வொன்றும் தேதியோடும் ஆதாரத்தோடும் இருந்தது. அதைக் கடைசி சனிக்கிழமைக்கு வைத்திருந்தார். "அப்போது கொடுத்தால்தான் மனதில் நிற்கும்" என்றார். கட்சி அலுவலகத்திலும் யாரோ அப்படித்தான் சொல்லியிருந்தார்கள். அந்த வார்டு என் பொறுப்பில் இல்லை, அந்தச் சனிக்கிழமை துண்டறிக்கையோடு வீடு வீடாக நடக்க மட்டும் போயிருந்தேன். வாசலுக்கு வாசல் ஒரே பதில்: "நாங்கள் போன வாரமே அனுப்பிவிட்டோமே." வயதானவர்கள் வசிக்கும் பங்களா வரிசையில் ஒரு பெரியவர் நின்றபடியே இரண்டு பக்கமும் படித்தார். "இது முன்னாடியே வந்திருந்தால் உங்களுக்குத்தான் போட்டிருப்பேன்" என்றார். அவர் நல்லெண்ணத்தில்தான் சொன்னார். ஆசிரியை கொஞ்ச வாக்குகளில் தோற்றார். அந்த ஒரு வரிசை வீடுகள் போதும், முடிவு மாறியிருக்கும்.

எரிச்சல் எதனால் என்றால், தேதிகள் எதுவும் ரகசியமில்லை. தேர்தல் அலுவலகம் கொடுக்கும் கால அட்டவணையில் எல்லாம் இருக்கிறது. 2023-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். வாக்குப்பதிவு மே 4. வேட்புமனு முடிந்தது ஏப்ரல் 4. பெயர் சேர்க்கக் கடைசி நாள் ஏப்ரல் 17. தபால் வாக்குக்கு விண்ணப்பிக்கக் கடைசி நேரம் ஏப்ரல் 18 மாலை 5 மணி. நடுவில் ஏப்ரல் 7 புனித வெள்ளி, 10 ஈஸ்டர் திங்கள். அந்த நான்கு நாளும் அச்சகம் திறக்காது. பள்ளி விடுமுறையில் குடும்பங்கள் ஊரில் இருக்காது, உங்களோடு நடக்க வரும் தன்னார்வலர்களும் இருக்க மாட்டார்கள். மனு முடிந்தபின் அச்சுக்குக் கொடுக்கலாம் என்று உட்கார்ந்திருந்தவருக்கு அந்த வருடம் கையில் மிஞ்சியது சொற்ப நாட்கள்தான்.

ஆகவே பின்னோக்கி எண்ணுங்கள். தபால் சீட்டுகளை எந்த நாளில் அனுப்புவார்கள் என்று தேர்தல் அலுவலகத்தில் கேட்டால் சொல்வார்கள். அதற்கு இரண்டு மூன்று நாள் முன்பு உங்கள் சிறந்த துண்டறிக்கை அந்த வீடுகளில் இருக்க வேண்டும். வேட்பாளரானதும் எழுத்தில் கேட்டால் தபால் வாக்காளர் பட்டியலும் கிடைக்கும். தேர்தல் வேலைக்கு மட்டும்தான் அதைப் பயன்படுத்தலாம். அதைக் கையில் வைத்துக்கொண்டு அந்தக் கதவுகளை முதலில் தட்டுங்கள். கிராமத்தில் பல வீடுகளுக்கு எண்ணே கிடையாது, பெயர் மட்டும்தான். ஒரு பண்ணை வீட்டுக்குப் போய்த் திரும்பவே அரை மணி நேரம் ஆகும். தெரு தெருவாக ஒழுங்காகப் போவோம் என்று தொடங்கினால் அந்தப் பண்ணை வீட்டுக் கிழவி கடைசியில் வருவார், அவரோ முதல் நாளே வாக்களித்திருப்பார். பாரிஷ் பத்திரிகையில் (ஊர்ச் செய்தி இதழ்) ஏதாவது வரவேண்டுமானால், மே இதழுக்கு எந்த நாள் வரை செய்தி வாங்குவார்கள் என்றும் மார்ச்சிலேயே விசாரியுங்கள்.

வாசலில் பேசும்போது இரண்டு விஷயம் நினைவூட்டலாம். சீட்டோடு வரும் படிவத்தில் பிறந்த தேதியும் கையெழுத்தும் சரியாக இல்லாவிட்டால் வாக்கு செல்லாது. பிறந்த தேதிக்குப் பதில் அன்றைய தேதியை எழுதுபவர்கள் இருக்கிறார்கள். அப்புறம், தபால் வாக்குக்கான அனுமதி இப்போது ஆயுளுக்கும் செல்லுபடியாவதில்லை, அதிகபட்சம் 3 ஆண்டுகள்தான். சீட்டு வரும் வரும் என்று காத்திருந்து ஏமாறும் முதியவர்கள் ஒவ்வொரு ஊரிலும் இருக்கிறார்கள். விண்ணப்பக் கெடு முடிவதற்குள் அவர்களைக் கண்டுபிடித்துச் சொல்வது யாருக்கு வாக்களித்தாலும் அவர்களுக்குச் செய்யும் உதவி.

ஆனால் உறையைத் தொடாதீர்கள். "தம்பி, போகிற வழியில் பெட்டியில் போட்டுவிடு" என்று ஒரு மூதாட்டி நீட்டினாலும் வாங்கக் கூடாது. 2024 மே முதல், பிரசாரத்தில் இருப்பவர் தன்னுடையது, தன் நெருங்கிய குடும்பத்தாருடையது, தான் வழக்கமாகப் பராமரிப்பவருடையது தவிர வேறு யாருடைய தபால் வாக்கையும் கையாள்வது குற்றம். பணிவாக மறுத்துவிட்டு, அவர் வீட்டாரையோ பிரசாரத்தில் இல்லாத அண்டை வீட்டாரையோ கேட்கச் சொல்லுங்கள்.

இதையெல்லாம் சொன்னால் சிலர் மிட் சஃபக் என்ற டிஸ்ட்ரிக்டின் கதையைச் சொல்வார்கள். 2023-இல் பசுமைக் கட்சி அங்கே 34 இடங்களில் 24-ஐ வென்றது. பிரிட்டனில் ஒரு கவுன்சிலில் அந்தக் கட்சி தனிப் பெரும்பான்மை பெற்றது அதுதான் முதல் முறை. கடைசி நேர அலை என்று நினைக்கிறார்கள். ஆனால் அந்தக் கட்சி அங்கே ஒவ்வொரு தேர்தலாக, வார்டு வார்டாக வளர்ந்து வந்தது. கடைசி வாரத்தில் நடந்த காரியமல்ல அது.

தபால் வாக்கைப் பிரிக்கும்போது எட்டிப் பார்ப்பது

வாக்கு எந்தப் பக்கம் போயிருக்கிறது என்று கண்டுபிடிக்க முயல்வதும், வெளியே சொல்வதும் குற்றம்.

இரண்டு இடமுள்ள வார்டில் ஒரு வாக்கு என்று பேசுவது

பல கிராமத்து வார்டுகளில் இரண்டு கவுன்சிலர்கள், சிலவற்றில் மூன்று பேர். அத்தனை வாக்குகள் ஒவ்வொருவருக்கும் உண்டு. எல்லாவற்றையும் பயன்படுத்த வேண்டிய கட்டாயமில்லை. தனியாக நிற்கும் சுயேச்சை இதை விளக்காமல் விட்டால், அவருடைய ஆதரவாளர் இரண்டாவது வாக்கை வீணாக்க மனமில்லாமல் எதிராளி ஒருவருக்குப் போடுவார். இரண்டாவது இடத்துக்கு அந்த எதிராளியோடுதான் உங்களுக்குப் போட்டி என்றால், உங்கள் ஆதரவாளரே உங்கள் முன்னிலையை அழித்துவிட்டார். "எனக்கு மட்டும் போட்டால் போதும்" என்று கேட்பது முற்றிலும் சட்டப்படியானது. வெட்கப்படாமல் கேளுங்கள்.

இருவராக நின்றால் வேறு சிக்கல். சீட்டில் குடும்பப் பெயரின் அகரவரிசைப்படிதான் பெயர்கள் வரும். மேலே இருப்பவருக்குக் கொஞ்சம் கூடுதலாக விழுவது பழைய அனுபவம். கீழே வரப்போகிறவரின் படத்தையும் பெயரையும் துண்டறிக்கையில் முன்னால் வையுங்கள்.

பப்பில் எல்லோருக்கும் ஒரு பைன்ட் பீர்

வாக்கைக் கவரும் நோக்கத்தில் உணவோ பானமோ வாங்கிக் கொடுப்பது தேர்தல் ஊழல். வேண்டாம்.

துண்டறிக்கையில் அச்சிட்டவர், வெளியிட்டவர் பெயரும் முகவரியும் விட்டுப்போவது

ஒரு வரிதான், விட்டால் குற்றம். 2023 நவம்பரிலிருந்து இணைய விளம்பரத்திலும் வெளியிட்டவர் பெயரும் முகவரியும் இருக்க வேண்டும்.

அடையாள அட்டையைப் பற்றிச் சொல்லாதது

2023 மே முதல் வாக்குச்சாவடியில் புகைப்பட அடையாளம் காட்ட வேண்டும். பாஸ்போர்ட், ஓட்டுநர் உரிமம், முதியோர் பஸ் பாஸ் எல்லாம் செல்லும். எதுவும் இல்லாதவர்களுக்கு இலவசச் சான்று உண்டு. அதற்கு வாக்குப்பதிவுக்கு 6 வேலை நாட்களுக்கு முன் மாலை 5 மணிக்குள் விண்ணப்பிக்க வேண்டும். காரும் இல்லாமல் வெளிநாட்டுப் பயணமும் இல்லாமல் ஊரிலேயே இருப்பவர்களைத்தான் முதலில் கேளுங்கள்.

தோற்றதும் கணக்கை மறப்பது

முடிவு அறிவித்த 35 நாட்களுக்குள் செலவுக் கணக்கைத் தேர்தல் அதிகாரியிடம் கொடுக்க வேண்டும். வென்றவர், தோற்றவர், போட்டியின்றி வந்தவர், ஒரு காசும் செலவழிக்காதவர் என எல்லோருக்கும் இது பொருந்தும். கொடுக்காவிட்டால் குற்ற வழக்கு. தோற்றவர்கள்தான் மனச்சோர்வில் இதை விட்டுவிடுகிறார்கள். பில்கள் முடிவு வந்த 21 நாளுக்குள் உங்கள் கைக்கு வந்துசேர வேண்டும், 28 நாளுக்குள் பணம் கட்டியாக வேண்டும். சின்ன ஊர் அச்சகங்கள் நிதானமாகத்தான் பில் அனுப்பும். நேரில் போய் வாங்கி வந்துவிடுங்கள்.