பூங்கா பெஞ்ச்: அளவை எழுந்திருப்பவரிடம் கேளுங்கள்

பெஞ்சுக்கு அளவு போடும்போது உட்காருபவரைத்தான் பலரும் மனதில் வைக்கிறார்கள். பார்க்க வேண்டியது எழுந்திருப்பவரை. முழங்கால் தேய்ந்த ஒருவர் ஒருமுறை எழத் திணறிவிட்டால் மறுநாள் அந்தப் பக்கமே வரமாட்டார்.

உட்காரும் பலகை தரையிலிருந்து 43 முதல் 46 செ.மீ. உயரத்தில் இருக்கட்டும். 40-க்குக் கீழே போனால் இடுப்பு தாழ்ந்து, எழும்போது பாரமெல்லாம் முழங்காலில் விழும். பலகையின் ஆழம் 42 செ.மீ. போதும். 50 வைத்தால் குள்ளமானவர்களுக்கு முதுகு சாய்மானத்தை எட்டாது. எட்டிச் சாய்ந்தால் விளிம்பு அழுத்திக் கால் மரத்துப்போகும். சாய்மானம் பலகையோடு 100–105 பாகை. கைப்பிடி பலகைக்கு மேல் 20 செ.மீ. உயரத்தில், முன்விளிம்பு வரை நீள வேண்டும். பாதியில் நிற்கும் கைப்பிடி அழகுக்குத்தான், ஊன்றி எழ உதவாது.

அதிகம் கோட்டைவிடுவது பலகைக்கு அடியில். எழுவதற்கு முன் பாதங்களைப் பின்னால் இழுத்துக்கொள்கிறோம். முன்பக்கம் செங்கல் வைத்து அடைத்த சிமென்ட் பெஞ்சில் அதற்கு வழியில்லை. குறைந்தது 15 செ.மீ. ஆழத்துக்கு வெற்றிடம் விடுங்கள்.

கிரானைட் கம்பீரமாக இருக்கும். பகலெல்லாம் வாங்கிய சூட்டை மே மாத மாலையில் உட்காருபவருக்கே திருப்பித் தரும். மரச்சட்டங்களை 8–10 மி.மீ. இடைவெளியில் பொருத்தினால் சூடும் தங்காது, மழைநீரும் தேங்காது.

இனி இடம். முதுகுக்குப் பின்னால் ஆள் நடமாடினால் யாருக்கும் நிம்மதி இராது. பின்னால் சுவரோ புதர்வேலியோ, முன்னால் நடைபாதை என்று அமையுங்கள். பாதை விளிம்புக்கும் பெஞ்சுக்கும் 75 செ.மீ. இருந்தால் நீட்டிய கால் யாரையும் தடுக்காது. அமைதி வேண்டும் என்று மூலையில் ஒதுக்கிய பெஞ்ச் காலியாகவே கிடக்கும். வேடிக்கை பார்க்க மனிதர்கள் வேண்டும். 1970-களில் நியூயார்க் சதுக்கங்களைப் படம்பிடித்து ஆராய்ந்த வில்லியம் ஒயிட் கண்டதும் இதையே: கூட்டம் இருக்கும் இடத்துக்கே மக்கள் போகிறார்கள். பேசுவதற்கென்றால் இரண்டு பெஞ்சுகளை ‘ட’ போல செங்கோணத்தில் போடுங்கள். நேரெதிரே போட்டால் அறிமுகமில்லாதவர்கள் கண்ணைத் தவிர்க்கவே பாடுபடுவார்கள். பக்கத்தில் 90 × 120 செ.மீ. சமதளம் விட்டால் சக்கர நாற்காலியும் சேர்ந்துகொள்ளும்.

நிழலில் ஒரு நுணுக்கம்: சென்னையில் கோடை மாலைச் சூரியன் மேற்குக்குச் சற்று வடக்கே இறங்கும். புங்க மரம் அந்தப் பக்கம் இருக்க வேண்டும். கான்கிரீட் ஊற்றுவதற்கு முன் மே மாதம் மாலை நான்கு மணிக்கு அங்கே ஒரு நாற்காலி போட்டு, நிழல் எங்கே விழுகிறது என்று சுண்ணாம்பால் கோடிடுங்கள்.