கனடாவின் பூர்வகுடிகளான கிரீ மக்களில் ஒரு பெண்ணாகத் தொலைக்காட்சிக்குள் நுழைவது எப்படி?

கையில் இருக்கும் போனிலேயே தொடங்குங்கள். பாட்டி பனாக் ரொட்டிக்கு மாவு பிசையும் கையையும், கூடவே அவர் கிரீ மொழியில் பேசுவதையும் இரண்டு நிமிடம் எடுங்கள். வெளியே காற்றுச் சத்தம் பேச்சை விழுங்கிவிடும் என்பதால் முதல் காசைச் சட்டையில் குத்தும் சின்ன மைக்குக்குப் போடுங்கள், நல்ல கேமரா அப்புறம். வெளியிடும் முன் அவரிடமே போட்டுக் காட்டுங்கள். சடங்கை எடுக்காதே என்று பெரியவர்கள் சொன்னால் அதோடு விட்டுவிடுங்கள், இதில் சமரசமே வேண்டாம்.

நாலைந்து வீடியோ சேர்ந்துவிட்டதா? சரி, 1999இல் தொடங்கிய பூர்வகுடித் தொலைக்காட்சி ஏபிடிஎன் கனடாவின் வின்னிபெக் நகரில் இருக்கிறது, அங்கே பயிற்சி வாய்ப்பு கேளுங்கள். நிதிக்கு, பூர்வகுடிப் படைப்பாளர்களுக்கு உதவும் இண்டிஜினஸ் ஸ்கிரீன் ஆஃபீஸ் என்ற அமைப்பைக் கேளுங்கள். கிரீ வம்சாவளித் திரைப்பட இயக்குநர் டானிஸ் கூலேகூடக் குறும்படங்களில் தொடங்கியவர்தான். ஒப்பந்தத்தில் கதையின் உரிமை யாருக்கு என்ற வரியைப் படிக்காமல் கையெழுத்து போடாதீர்கள்.