"அது என் கையெழுத்தே இல்லை" என்கிறாரா? புரோநோட்டை நிரூபிக்கும் வழி

வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் துணிக்கடை வைத்திருப்பவர், காசிமேட்டில் படகு வைத்திருக்கும் தெரிந்தவருக்கு இன்ஜின் வேலைக்காக 3 லட்சம் ரொக்கமாகக் கொடுத்து, புரோநோட்டு (கடனைத் திருப்பித் தருவதாக எழுதிக் கையெழுத்திடும் சீட்டு) எழுதி வாங்கினார் என்று வைத்துக்கொள்வோம். பணம் வரவில்லை. வழக்குப் போட்டால், கையெழுத்தே தன்னுடையது இல்லை என்கிறார். இனி என்ன செய்வது?

1. புரோநோட்டை எடுத்துப் பாருங்கள்

ரெவின்யூ ஸ்டாம்பு இருக்கிறதா? கையெழுத்து ஸ்டாம்பின் மேல் ஓடிக் காகிதத்திலும் இறங்கியிருக்கிறதா? ஸ்டாம்பு இல்லாத புரோநோட்டை முத்திரைச் சட்டம் சாட்சியமாக ஏற்க விடாது. அபராதம் கட்டிச் சரிசெய்யும் வழியும் இதற்குக் கிடையாது. அடுத்து தேதி. கேட்டபோது தருவதாக எழுதியிருந்தால், எழுதிய நாளிலிருந்து 3 வருடத்துக்குள் வழக்குப் போட வேண்டும். அந்தக் கெடுவுக்குள் கொஞ்சம் பணம் தந்து, வரவைக் கடனாளியே பின்பக்கம் எழுதியோ கையெழுத்திட்டோ இருந்தால் அன்றிலிருந்து புதிதாக 3 வருடம். விடுபட்டதை இப்போது எழுதி நிரப்பாதீர்கள். லேமினேட் செய்யவே வேண்டாம், நிபுணர் ஆராய்வது சிரமமாகிவிடும்.

2. எதிருரையில் (வழக்குக்கு அவர் தரும் எழுத்துப்பூர்வப் பதிலில்) எதை மறுக்கிறார்?

வழக்கின் உயிர் இங்கேதான் இருக்கிறது. பலர் இதைச் சரியாகப் படிக்காமலே சாட்சி தேடக் கிளம்பிவிடுகிறார்கள்.

"கையெழுத்து என்னுடையதுதான், ஆனால் ஏலச்சீட்டுக்காக நிரப்பாமல் கொடுத்தது" என்று சொன்னால் உங்கள் வேலை பாதி முடிந்தது. மாற்றுமுறை ஆவணச் சட்டம் 1881, பிரிவு 118-இன்படி, பணம் பெற்றே எழுதிக் கொடுத்தார் என்று நீதிமன்றம் அனுமானிக்கும். இல்லை என்று காட்டுவது அவர் பாடு. ஸ்டாம்பு ஒட்டிய, நிரப்பாத தாளில் கையெழுத்திட்டுக் கொடுத்தவர் அதை நிரப்பும் அதிகாரத்தையும் கொடுத்ததாகவே பிரிவு 20 கொள்கிறது.

கையெழுத்தையே மறுத்தால் கதை வேறு. அதை நீங்கள் நிரூபிக்கும் வரை 118 உங்கள் உதவிக்கு வராது.

3. கையெழுத்து

புரோநோட்டுக்குச் சாட்சிக் கையெழுத்து சட்டப்படி கட்டாயமில்லை. ஆனாலும் சாட்சி போட்டவரோ புரோநோட்டின் வாசகத்தை எழுதிய எழுத்தரோ கூண்டேறி, "என் கண் முன்னேதான் கையெழுத்துப் போட்டார்" என்று சொன்னால் அதன் எடையே தனி. கடனாளியின் கையெழுத்தை நன்கு அறிந்தவரும் சாட்சி சொல்லலாம்.

அப்புறம் நிபுணர். மனுப் போட்டு, நீதிமன்ற உத்தரவின் பேரில் மயிலாப்பூரில் உள்ள தடய அறிவியல் துறைக்கு அனுப்பச் சொல்லலாம். ஒப்பிடுவதற்கு, தகராறுக்கு முந்தைய, ஏறக்குறைய அதே காலத்துக் கையெழுத்துகள் வேண்டும்: வங்கியில் கணக்குத் தொடங்கிய படிவம், பதிவான கிரயப் பத்திரம், அவர் கொடுத்த காசோலை. வழக்கு வந்த பிறகு வக்காலத்தில் போட்டதை நம்பாதீர்கள். ஒருவர் வேண்டுமென்றே மாற்றிப் போட்டிருக்கலாம் அல்லவா? நிபுணர் அறிக்கை கருத்து மட்டுமே, தீர்ப்பு இல்லை. நீதிபதியே ஒப்பிட்டுப் பார்க்கவும் சட்டம் இடம் தருகிறது.

4. பணம்

கையெழுத்து நிரூபணமானாலும், "3 லட்சம் கொடுக்க இவரிடம் ஏது பணம்?" என்ற கேள்வி வரும். வங்கியிலிருந்து எடுத்த பதிவு, கடைக் கணக்கு, நகை அடகு ரசீது என்று ஏதாவது ஒன்றைக் கையில் வைத்திருங்கள். "தீபாவளிக்குள் தந்துடறேன்ணே" என்று வாட்ஸ்அப்பில் வந்திருந்தால் அது பெரிய ஆதாரம். ஆனால் புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷிய அதினியம் 2023, பிரிவு 63-இன்கீழ் சான்றிதழோடு தாக்கல் செய்யுங்கள்.

2 லட்சமோ அதற்கு மேலோ ரொக்கமாகக் கொடுத்ததாகச் சொல்லும் வழக்குகளை நீதிமன்றமே வருமான வரித் துறைக்குத் தெரிவிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2025-இல் உத்தரவிட்டிருக்கிறது. அதனால் கணக்கு விஷயத்தை வழக்குப் போடுவதற்கு முன்பே வக்கீலிடம் மறைக்காமல் சொல்லிவிடுங்கள்.

5. கூண்டில்

பாரிமுனை உயர் நீதிமன்ற வளாகத்தில் உள்ள நகர உரிமையியல் நீதிமன்றத்தில், முதல் விசாரணை, அதாவது உங்கள் தரப்பு சாட்சியம், பிரமாணப் பத்திரமாகவே போய்விடும். சிக்கல் எதிர்த்தரப்பு வக்கீலின் குறுக்கு விசாரணையில். எந்த இடத்தில், யார் முன்னிலையில், எந்தெந்த நோட்டுகளாகக் கொடுத்தீர்கள் என்று துருவுவார்கள். உங்கள் வக்கீல் நோட்டீஸ், பிராது (வழக்கு மனு), பிரமாணப் பத்திரம் மூன்றையும் அருகருகே வைத்து, தேதியும் இடமும் ஒன்றாக இருக்கிறதா என்று முந்தைய நாளே பார்த்துவிடுங்கள். நினைவில்லாததை நினைவில்லை என்றே சொல்லலாம்.