ஆவணப்பட ஒளிப்பதிவில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் திருமணப் படப்பிடிப்பில் கைதேர்ந்த இளைஞர்கள் பலர் ஆவணப்படத் துறைக்கு வர விரும்புகிறார்கள். அவர்களிடம் நான் காணும் பெரிய தவறு, அழகான காட்சி கிடைத்ததும் கேமராவை நிறுத்திவிடுவது. ஒகேனக்கல்லில் பரிசல் சுழித்து ஓடும் நீரைக் கடப்பதை மட்டும் எடுத்து வருபவரிடம், பரிசலோட்டி அதைத் தலைமேல் கவிழ்த்துத் தூக்கி வருவதோ, பயணிகளுக்காக வெயிலில் காத்திருப்பதோ, கூலியை எண்ணி மடியில் செருகுவதோ இருக்காது. ஒரு செயலின் தொடக்கமும் முடிவும், அதைச் செய்யும் கைகளும், அவர் பார்க்கும் திசையும் தனித்தனியே கிடைத்தால்தான் படத்தொகுப்பாளரால் அவருடைய ஒரு நாளைக் கட்டி எழுப்ப முடியும். தவறவிட்டதை மறுபடி செய்து காட்டச் சொல்வது அதைவிடப் பெரிய தவறு. அந்தக் கணத்திலேயே அவர் நடிக்கத் தொடங்கிவிடுகிறார்.

விடிய விடிய நடக்கும் தெருக்கூத்தைப் பதிவு செய்யும்போது ஷட்டர் வேகத்தை, அதாவது ஒவ்வொரு ஃபிரேமும் (தனிப்படமும்) ஒளியைப் பெறும் நேரத்தை, கவனிக்காமல் விடுவதும் அடிக்கடி நேர்கிறது. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் பல விளக்குகளின் ஒளி விநாடிக்கு 100 முறை ஏறி இறங்கும். விநாடிக்கு 30 ஃபிரேமில் 1/60 விநாடி ஷட்டர் வைத்தால் படம் துடிக்கவோ பட்டை பட்டையாகத் தெரியவோ கூடும். 25 ஃபிரேமும் 1/50 ஷட்டரும் வைத்தால் இச்சிக்கல் பெரும்பாலும் தீரும். மலிவான எல்இடி விளக்குகள் வேறு விதமாகவும் துடிப்பதால், கூத்து தொடங்கும் முன்பே சோதித்துப் பார்ப்பது நல்லது.

100 எம்பிபிஎஸ் (விநாடிக்கு 100 மெகாபிட்) தரத்தில் ஒரு மணி நேரப் பதிவே 45 ஜிபி ஆகும். இரண்டு ஹார்டு டிஸ்க்குகளில் நகலெடுத்துச் சரிபார்க்காமல் மெமரி கார்டை அழிக்கக் கூடாது.

காவிரிக் கரைக் காடுகளுக்குள் அனுமதியின்றி நுழைவது தொழிலையே கெடுக்கும். 2022-இல் அறிவிக்கப்பட்ட காவிரி தெற்கு வனவிலங்குச் சரணாலயம் இவ்விரு மாவட்டக் காடுகளையும் உள்ளடக்கியது. 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி அங்கே படமெடுக்க முன் அனுமதி வேண்டும்.

வாய்மொழியாகக் கூலி பேசி வேலைக்கு இறங்குவதைப் பலர் தவறென்றே எண்ணுவதில்லை. 1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டப்படி, மாற்று ஒப்பந்தம் இல்லாவிட்டால், பணம் கொடுத்துப் படமெடுக்கச் சொன்னவரே அதன் முதல் உரிமையாளர். ஆகவே, எடுத்த காட்சிகளை உங்கள் ஷோரீலில் (உங்கள் வேலையைக் காட்டும் மாதிரித் தொகுப்பில்) காட்டும் உரிமையையும், படத்தில் உங்கள் பெயர் இடம்பெறும் விதத்தையும், முன்பணத்தையும் வேலையை ஒப்புக்கொள்ளும்போதே எழுத்தில் வாங்கிவிடுங்கள்.