சங்கத் தேர்தல் பட்டியலில் பெயர் இல்லையா? பாலக்காடு மாவட்டச் சித்தூர் தாலுகாக்காரர்களுக்கு ஒரு செய்முறை

கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், எருத்தேம்பதிப் பக்கம் பால் சங்கமோ சர்வீஸ் பேங்கோ (கூட்டுறவு வங்கி), தேர்தல் வந்தால் முதலில் கிளம்புவது வாக்காளர் பட்டியல் சண்டைதான். என் சித்தியின் பெயர் விடுபட்டபோது அலைந்து தெரிந்துகொண்டதை எழுதுகிறேன். இது 1969-ஆம் ஆண்டு கேரளக் கூட்டுறவுச் சங்கச் சட்டப்படி உள்ள வழி. செக்போஸ்ட் தாண்டி பொள்ளாச்சிப் பக்கம் 1983-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டம். இதை அங்கே அப்படியே பொருத்தாதீர்கள்.

முதலில் ஷேர் சர்ட்டிபிகேட்டை எடுத்து எந்த வகை உறுப்பினர் என்று பாருங்கள். நகைக்கடனுக்காகச் சேர்த்துவிட்ட நாமினல் (பெயரளவு) உறுப்பினர் என்றால் ஓட்டு கிடையாது. பால் சங்கமானால் எத்தனை நாள், எத்தனை லிட்டர் ஊற்றியிருக்க வேண்டும் என்பது பைலாவில் (சங்கத்தின் துணைவிதிகளில்) இருக்கும். பைலா நகலையும் பால் பாஸ்புக்கையும் ஒன்றாக வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்தது கரட்டுப் பட்டியலை, அதாவது இறுதியாகாத வரைவு வாக்காளர் பட்டியலைப் படிப்பது. எனக்கு அதிக நேரம் தின்றது இந்த இடம்தான். பட்டியல் மலையாளத்தில் இருக்கும். நம் ஆட்களுக்கு இனிஷியல்தான் உண்டு, வீட்டுப்பெயர் கிடையாது. வீட்டுப்பெயருக்கான கட்டத்தில் களத்தின் (தோட்டத்து வீட்டின்) பெயரையோ தெருப் பெயரையோ போட்டிருப்பார்கள். ஒரே பட்டியலில் நாலைந்து பழனிச்சாமி வருவார்கள். யார் விடுபட்டார், யார் இரண்டு தடவை வந்தார் என்று பெயரை வைத்துச் சொல்லவே முடியாது. அதனால் பெயரைத் தேடாதீர்கள், மெம்பர் நம்பரைத் தேடுங்கள். பட்டியலைப் பக்கம் பக்கமாகப் போட்டோ எடுத்து, ஒரு நோட்டில் நம்பர்களை மட்டும் வரிசையாக எழுதுங்கள். எந்த நம்பர் தாவியிருக்கிறது என்று கண்ணுக்குத் தெரிந்துவிடும். கூகுள் லென்ஸ் முகவரியைப் படிக்க உதவும்; பெயர்களைக் குதறிவிடும். நோட்டும் பேனாவும்தான் என் தேர்வு.

விடுபட்டது உறுதியானால், ஆட்சேபத்துக்குக் கொடுத்த கடைசித் தேதிக்குள் எழுத்தில் கொடுங்கள். செக்ரட்டரி "சேர்த்துடலாம்" என்று வாயால் சொல்வதை நம்பி வீட்டுக்கு வராதீர்கள். மெம்பர் நம்பர், சேர்ந்த தேதி, ஷேர் ரசீது நகல் மூன்றும் வேண்டும். இரண்டு பிரதி எடுத்து, ஒன்றில் சீலும் தேதியும் வாங்குங்கள். வாங்க மறுத்தால் அன்றைக்கே தேர்தல் அதிகாரிக்கு ஸ்பீட் போஸ்ட். தேர்தலை நடத்துவது மாநிலக் கூட்டுறவுத் தேர்தல் ஆணையம் என்பதால் அங்கும் ஒரு நகல்.

தமிழில் எழுதலாமா? மொழிச் சிறுபான்மைப் பகுதி என்று அறிவித்த இடங்களில் உள்ள அரசு அலுவலகங்களுக்குத் தமிழில் எழுதவும், தமிழிலேயே பதில் பெறவும் 1969-ஆம் ஆண்டு கேரள ஆட்சிமொழிச் சட்டம் உரிமை தருகிறது. இந்த உரிமையை நாம் விட்டுக்கொடுக்கவே கூடாது. ஆனால் சங்கம் அரசு அலுவலகம் அல்ல, நாளும் குறைவு. ஆகவே தமிழ் மனுவோடு மலையாளப் பிரதி ஒன்றையும் சேர்த்துக் கொடுங்கள்.

தகவல் உரிமை மனுவைச் சங்கத்துக்கே அனுப்பிப் பலர் ஏமாறுகிறார்கள். கூட்டுறவுச் சங்கம் தகவல் உரிமைச் சட்டத்தின்கீழ் பொது அதிகார அமைப்பு அல்ல என்று 2013-இல் தலப்பலம் சர்வீஸ் பேங்க் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் கூட்டுறவுச் சங்கப் பதிவாளர் அப்படிப்பட்ட அமைப்புதான். சங்கத்திடமிருந்து சட்டப்படி அவர் பெறக்கூடிய தகவலை அவரிடம் கேட்கலாம். பதிலுக்கு 30 நாள் அவகாசம் என்பதால் தேர்தல் அறிவிப்புக்கு முன்பே போட்டுவிடுங்கள்.

இனி வழக்கு. அறிவிப்பு வந்த பிறகு நேராக உயர் நீதிமன்றம் போகலாம் என்று நிறையப் பேர் சொல்வார்கள். பணம் வீணாகும் வாய்ப்பே அதிகம். தேர்தல் தொடங்கிவிட்டால் நடுவில் நீதிமன்றம் குறுக்கிடாது என்பது 1952-இல் நாமக்கல் சட்டமன்றத் தொகுதி வேட்புமனு வழக்கிலேயே சொல்லப்பட்டது. வாக்காளர் பட்டியல் தயாரிப்பும் தேர்தலின் ஒரு கட்டம்தான் என்று 2001-இல் மகாராஷ்டிரப் பால் சங்கம் ஒன்றின் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆக, தேர்தல் முடிந்த பிறகு கேரளக் கூட்டுறவுச் சங்கச் சட்டத்தின் 69-வது பிரிவின்கீழ் கூட்டுறவு நடுவர் நீதிமன்றம் போக வேண்டும். தேர்தல் நாளிலிருந்து ஒரே மாதம்தான் கெடு. அங்கே, விடுபட்ட ஓட்டுகள் முடிவை மாற்றியிருக்குமா என்ற கேள்வி வரும். பத்து ஓட்டில் ஜெயித்த இடத்தில் முப்பது பேர் விடுபட்டிருந்தால் வழக்குக்கு உயிர் உண்டு. அதனால் தனியாகப் போகாமல், விடுபட்ட எல்லோருடைய சீல் வைத்த ஆட்சேப நகல்களையும் திரட்டுங்கள்.

பின்சேர்க்கை: இதைப் படித்துவிட்டு இரண்டு பேர், "அப்பா இறந்துட்டார், அவர் ஷேருக்கு நான் ஓட்டுப் போடலாமா?" என்று கேட்டார்கள். வாரிசு என்பதால் மட்டும் ஓட்டு வராது. ஷேர் உங்கள் பெயருக்கு மாறி, உங்களை உறுப்பினராகச் சேர்த்திருக்க வேண்டும். அதற்கான விண்ணப்பத்தைத் தேர்தல் பேச்சே இல்லாத இப்போது கொடுத்துவிடுங்கள்.